கொசுப்படம் பார்த்துக் கடி வாங்கிய அண்ணனுக்கு

லாஸ் ஏஞ்சலஸ்,
ஆகஸ்ட் 1944

பாசமுள்ள லைல் அண்ணாவுக்கு, தங்கை வெர்னா எழுதுவது. இங்கே அம்மாவும் நானும் சுகம். உன் சுகத்தைக் கேட்பதுதான் முறை. தெரிந்துகொண்டே கேட்க மனம் வரவில்லை.

உன் கடித உறையைக் கையில் வாங்கியதும் கண்ணில் பட்டது, முகவரி உன் கையெழுத்தில் இல்லை என்பதுதான். மலேரியா நடுக்கத்தில் உன்னால் பேனா பிடிக்க முடியவில்லை என்று நர்ஸ் எழுதிக் கொடுத்தாளாம். மேலே நீ சொல்லியிருந்ததையும் படித்தேன். ராணுவம் உங்கள் தீவுக்கு ஒரு கார்ட்டூன் அனுப்பியது, கொசுவை அலட்சியம் செய்த முட்டாள் சிப்பாய் காய்ச்சலில் எலும்புக்கூடாகும் கதை, இருட்டினால்தான் திரை தெரியும் என்று பொழுது சாய்ந்ததும் உங்களைச் சதுப்பு ஓரத்தில் உட்காரவைத்தார்கள், புழுக்கத்தில் எல்லாரும் வெற்றுடம்பு, சிரித்த சிரிப்பில் கொசு கடித்தது ஒருவருக்கும் உறைக்கவில்லை. ராணுவ ரகசியம் என்று தணிக்கை அதிகாரி இந்த வரியை வெட்டினால் வெட்டட்டும்: அந்த முட்டாளுக்கு வண்ணம் பூசியவள் நான். பள்ளியை விட்டு இந்தக் கார்ட்டூன் ஸ்டூடியோவில் சேர்ந்ததிலிருந்து எனக்கு அவன்தான் வேலை. கருப்பு வெள்ளைப் படம் என்பதால் அவன் நன்றாக இருந்தாலும் சாம்பல் நிறம், காய்ச்சலில் கிடந்தாலும் சாம்பல் நிறம், கொஞ்சம் அடர்த்தி கூட.

நகைச்சுவை எழுதும் ஹாஸ்கெட் சார் நேற்று என் மேசைப் பக்கம் வந்தார்.

“என்ன வெர்னா, நம்ம முட்டாப்பய படம் உங்கண்ணன் தீவுல ஓடிச்சாமே. சிரிச்சாங்களாமா?”

“சிரிச்சாங்க சார். சிரிச்சதுல பாதிப் பேரு ஆஸ்பத்திரில கெடக்காங்க.”

“அட, இதையே அடுத்த படத்துல வெச்சிடலாம் போலிருக்கே.”

“வெச்சுக்குங்க. அதுல முட்டாள் நீங்கதான். ரெண்டாவது கொசுப்படமும் கப்பலேறப் போகுது. இன்னொரு தீவுல இன்னும் நூறு பேரு படுக்கறதுக்குள்ள ஒரு எச்சரிக்கையாவது போடுங்க சார்.”

பக்கத்து மேசை டோரிஸ் வாயைப் பிளந்தாள். அவர் முகம் தொங்கிப் போய்விட்டது.

அம்மாவிடம் உனக்கு ஜலதோஷம் என்று சொல்லியிருக்கிறேன், நீயும் அப்படியே எழுது. கசந்தாலும் மாத்திரையைத் துப்பாதே. கடவுள் உனக்கும் அந்த நர்சுக்கும் துணையிருக்கட்டும்.

உன் தங்கை,
வெர்னா

பின்குறிப்பு: ஹாஸ்கெட் சார் வந்ததும், சிரித்தார்களா என்று கேட்டதும் மட்டும் நிஜம். “ஆமா சார்” என்றேன், அவ்வளவுதான். என் தோளைத் தட்டிவிட்டுப் போய்விட்டார். மற்றதெல்லாம் வீட்டுக்கு வரும் பஸ்ஸில் மனதுக்குள் பேசியது. இன்று இரண்டாவது கொசுப்படத்தின் தலைப்புத் தாள் வண்ணம் பூச என்னிடம் வந்தது. தலைப்பு எழுத்துகளை வெள்ளை வண்ணத்தால் நிரப்பினேன். அதன் கீழே, அதே வெள்ளையில், அதே அளவு எழுத்தில், ‘முதலில் சட்டையைப் போடு’ என்று எழுதிக் காயவைத்து, படம்பிடிக்கும் அறையில் கொடுத்துவிட்டு வந்தேன்.