ஆறு சுவர்களில் தொங்கியவர்

ஒரே சமயத்தில் ஆறு வீடுகளில் செத்துப்போயிருந்து, ஏழாவது வீட்டு வாசலில் வந்து நின்று, "ஒரு டீ கிடைக்குமாம்மா?" என்று கேட்கக்கூடிய மனிதர் உலகத்திலேயே எங்கள் போட்டோ பெரியப்பா ஒருவர்தான்.

கரிக்கலாம்பாக்கத்தில் வயலை மனை போட்டு விற்ற இடத்தில் எங்கள் வீடு. பக்கத்து வீடு அவருடையது. முப்பது வருடமாக நடிகர். சினிமாவில் பஞ்சாயத்துக் காட்சி என்றால் மூன்றாவது ஆளாக நின்று தலையாட்டுவார். சீரியல்கள் வந்ததும் பதவி உயர்வு கிடைத்தது. ஒரே சமயத்தில் ஆறு சீரியல்களில் கதாநாயகியின் இறந்துபோன அப்பாவாக, மாலை போட்ட போட்டோவில் சுவரில் தொங்கினார். முகம் அப்படி. பார்த்தாலே, 'ஐயோ, நல்ல மனுஷன், போய்ட்டாரே' என்று தோன்றும். வில்லியனூர் மார்க்கெட்டில் ஓர் அம்மாள் அவரைப் பார்த்து, கையிலிருந்த கத்திரிக்காயைக் கீழே போட்டுவிட்டாள். "யோவ், நீ உயிரோடதான் இருக்கியா? உம் பொண்ணு அங்க தெனம் அழுவுது, போய் இன்னான்னு கேளுய்யா!"

எனக்கு அவரிடம் மரியாதை உண்டு. ஆனால், ஊரெல்லாம் மாலையோடு தொங்குகிறவர் மடியில் பிள்ளையை உட்கார வைக்கலாமா என்று யோசிப்பேன். அப்படி யோசித்ததற்கு வெட்கப்படுவேன். பிறகு, இதற்கெல்லாம் வெட்கப்பட வேண்டுமா என்று யோசிப்பேன்.

அப்போது என் கவலையெல்லாம் யாழினிதான். இரண்டரை வயதாகியும் என் மகள் ஒரு வார்த்தை பேசவில்லை. "காது நல்லா கேக்குது. நிறைய பேச்சுக் குடுங்க" என்றார் டாக்டர். நானும் விடிந்ததும் பேச ஆரம்பிப்பேன். பத்து மணிக்குள் விஷயம் தீர்ந்துவிடும். அப்புறம் சாம்பார்ப்பொடி பாக்கெட்டில் இருப்பதை ஏற்ற இறக்கத்தோடு படித்துக் காட்டுவேன்.

"இன்னாத்துக்குமா கவலப்படற?" என்றார் பெரியப்பா. "முப்பது வருஷ சர்வீஸ்ல நானே மொத்தம் பதினோரு தடவதான் வாயத் தொறந்திருக்கேன். அதுல ஒம்போது 'ஆமாங்கய்யா'."

இது ஆறுதலா, எச்சரிக்கையா என்று எனக்கு விளங்கவில்லை.

அந்தச் சமயத்தில்தான் அவருக்கு அதிர்ஷ்டம் அடித்தது. ஒரு சீரியலில், மகளின் நினைவில் போட்டோ உயிர்பெற்று வந்து, "சாப்ட்டியாம்மா?" என்று கேட்க வேண்டும். ஒரே வசனம். வீட்டில் சொல்லிப் பார்த்தால் பெரியம்மா, "சாப்ட்டேன்யா, சாப்ட்டேன், எத்தினி வாட்டி கேப்ப?" என்று கத்துகிறாராம். எங்கள் வீட்டில் பயிற்சி செய்யச் சொன்னேன். பிள்ளை காதில் நாலு பேச்சு விழுமே!

பத்து நாள் நடந்தது. பாசமாகக் கேட்டார். கோபமாகக் கேட்டார். ஓடுகிற ரயிலின் ஜன்னலிலிருந்து கேட்பதுபோலக் கேட்டார். ஒன்பதாவது விதத்தில் அவரே அழுதுவிடுவார். யாழினி கன்னத்தில் கைவைத்து நீதிபதி மாதிரி பார்ப்பாள். வாய் மட்டும் திறக்காது. ஒரே வசனத்தைக் கேட்டுக் கேட்டுப் பிள்ளை குழம்பிவிடுமோ என்று புதிதாக ஒரு கவலையையும் சேர்த்துக்கொண்டேன்.

ஷூட்டிங் போனவர் மறுநாள் சாயங்காலம் திரும்பினார். தன் வீட்டுக்குப் போகாமல் எங்கள் வாசற்படியில் உட்கார்ந்தார்.

"என்னாச்சு பெரியப்பா?"

"டயலாக்க கட் பண்ணிட்டாங்கமா. 'உங்க மூஞ்சியே பேசுது சார், அப்புறம் டயலாக் எதுக்கு'ன்னுட்டாரு டைரக்டர். சும்மா சிரிச்சினு நின்னுட்டு வந்தேன்."

ஆறுதலாக இரண்டு வாக்கியம் யோசித்தேன். இரண்டும் தப்பாகப் பட்டது. யாழினி என் புடவையை விட்டுவிட்டுப் போய் அவர் முகவாயைப் பிடித்துத் தூக்கினாள்.

"சாப்ட்டியாம்மா?"

எனக்குக் கையும் காலும் ஓடவில்லை. அவருக்குத் தொழில் ஓடியது. கண்ணைத் துடைத்துக்கொண்டே, "அந்த ஒம்போதாவது மாதிரி சொல்றா பாரு. சோகம் கொஞ்சம் ஜாஸ்தி. கம்மி பண்ணச் சொல்லுமா" என்றார்.

அவள் கம்மி பண்ணவில்லை. முகவாயை விடவும் இல்லை. "சாப்ட்டியாம்மா?"

"இல்லடா கண்ணு" என்றார்.

நான் உள்ளே ஓடித் தோசைக்கல்லைப் போட்டேன். ஒவ்வொரு தோசைக்கும் அவள் கேட்டாள். எட்டாவது தோசையை வாயில் வைத்துக்கொண்டும், "இன்னும் இல்லடா கண்ணு" என்றார் பெரியப்பா, அவள் இன்னொரு தடவை கேட்கட்டும் என்று.