பேக்கப்பின் ஏழு சிடிகள்

எங்கள் ஜில்லாவில் எதையுமே தொலைக்காத ஒரே மனுஷன் பேக்கப்தான். கடலூர் ஆபீசில் எனக்கு அடுத்த மேஜை. நிஜப் பெயர் அவனுக்கே மறந்திருக்கும். பஸ் டிக்கெட்டைக்கூட ஜெராக்ஸ் எடுத்து வைப்பான். சிதம்பரத்தில் கோயிலுக்குப் போனால் இடது செருப்பைக் கிழக்கு வாசலிலும் வலது செருப்பைத் தெற்கு வாசலிலும் விடுவான். "ஒத்தச் செருப்ப எவன் மச்சான் திருடுவான்?" யாரும் திருடவில்லைதான். திரும்பும்போது ஒரு வாசலிலிருந்து இன்னொரு வாசலுக்கு ஒற்றைச் செருப்போடு நொண்டுவான், அவ்வளவுதான்.

அவன் மனைவிக்குத் தொண்டையில் ஆபரேஷன் ஆகிப் பேச்சு போய்விட்டது. அடுத்த மாதமே வீட்டுக்கு ஒரு கம்ப்யூட்டர் வாங்கினான், ஆபீசிலிருந்து மெசஞ்சரில் சாட் பண்ணலாமே என்று. தங்கச்சிக்கு (அவன் எனக்கு மச்சான் என்றால் அவள் தங்கச்சிதானே) டைப் அடிப்பது வேப்பங்காய். விடுவானா? விதவிதமாக அவள் முகத்தைப் போட்டோ எடுத்து, நகம் அளவுக்குச் சுருக்கி, ஸ்மைலியாக ஏற்றிவிட்டான். ஒரு கிளிக், ஒரு முகம். கண் சிமிட்டினால் 'சாப்டாச்சா?' கன்னத்தில் கை வைத்தால் 'போர் அடிக்குது'. சிரிப்பு மட்டுமே ஒன்பது தினுசு.

என் ஐடியும் அவளிடம் இருந்தது. எனக்கு ஒரே முகம்தான் வரும்: புருவம் நெரித்து, மூக்கு விடைத்த கோப முகம். அஞ்சரை சிதம்பரம் பஸ்ஸுக்கு அவரை வீட்டுக்கு அனுப்புங்கள் என்று அர்த்தம். "யோவ், கெளம்புயா! ஒன்னால எனக்குத் திட்டு" என்று விரட்டுவேன்.

மூன்று வருஷம் அப்படித்தான் பேசிக்கொண்டார்கள். அப்புறம் நோய் திரும்பி வந்தது. தங்கச்சி போய்விட்டாள்.

காரியம் முடிந்த கையோடு பேக்கப் அந்த முகங்களையெல்லாம் ஏழு சிடியில் ஏற்றினான். பீரோவில் ஒன்று, ஆபீஸ் டிராயரில் ஒன்று, அரிசி டப்பாவில்கூட ஒன்று. வீட்டுக் கம்ப்யூட்டரைப் பார்க்கச் சகிக்காமல் பண்ருட்டி மச்சினனுக்குக் கொடுத்தான். மச்சினன் எல்லாவற்றையும் அழித்துப் புதுசாக்கிக்கொண்டான். "போவட்டும், அதான் பேக்கப் இருக்கே" என்றான் நம்மாள். மத்தியானம் ஆபீஸ் கம்ப்யூட்டரில் பழைய சாட்டைத் திறந்து வைத்துக்கொண்டுதான் சாப்பிடுவான். நான் பார்க்காத மாதிரி இருப்பேன்.

ஒரு வருஷம் புயலில் ஆபீஸ் கூரை பிய்ந்து, தண்ணீர் கொட்டி, அவன் கம்ப்யூட்டர் செத்தது. எனக்குத்தான் பகீரென்றது. அவன் கூலாக டிராயரைத் திறந்தான். "ஏன் மச்சான் மூஞ்சி செத்துப்போச்சு? இந்தா, போடு."

நனையாத என் கம்ப்யூட்டரில் போட்டோம். உள்ளே ஒரே ஒரு ஐகான். மெசஞ்சரைத் திறக்க டெஸ்க்டாப்பில் க்ளிக் பண்ணுவோமே, அது. அதை மட்டும் காப்பி பண்ணியிருக்கிறான், படுபாவி! வாசல் போர்டைக் கழற்றிக்கொண்டு வீட்டையே தூக்கி வந்ததாக நினைத்திருக்கிறான். ஒன்றையே ஏழாக நகல் எடுத்தவன், ஏழு சிடியிலும் அதேதான்.

"இதுக்குள்ளதான மச்சான் இருக்கா?"

"இல்லடா."

"இன்னொருக்கா போடு. சரியா போடல நீ."

மூன்று தரம் போட்டேன். நாலாவது தரம் அவன் கேட்கவில்லை.

ரிப்பேருக்கு வந்தவர் ஒன்று சொன்னார்: நமக்கு வருகிற முகங்களை மெசஞ்சர் நம் கம்ப்யூட்டரிலும் எங்கேயாவது ஒளித்து வைக்குமாம். என்னுடையதைத் தோண்டினோம். வாயில் நுழையாத பெயரோடு ஒரே ஒரு ஃபைல். திறந்தால் தங்கச்சி. புருவம் நெரித்து, மூக்கு விடைத்து. எனக்கு வேறெதை அனுப்பினாள்?

ஒன்பது சிரிப்பும் போய் இதுவா மிஞ்ச வேண்டும்? பேக்கப் ஸ்கிரீனுக்குப் பக்கத்தில் குனிந்து வெகு நேரம் பார்த்தான். மணி அஞ்சே கால். கண்ணைத் துடைத்துக்கொண்டு பையை எடுத்தான்.

"திட்றா பாரு. கெளம்பறேன் மச்சான்."

தனியாக அனுப்ப மனசு வரவில்லை. அதே பஸ்ஸில் நானும் ஏறினேன். அதற்கப்புறம் ரொம்ப நாள் சாயங்காலம் அவனோடு சிதம்பரம் வரைக்கும் போய்விட்டுத்தான் திரும்புவேன். என் வீடு கடலூரில், ஆபீசுக்குப் பின்தெருவில் இருந்தது.