பன்னிரண்டாம் பாடத்துப் படகு

ஏழு ஆறுகளும் ஒரே ஒரு இயற்கணிதப் புத்தகமும் உள்ள நாடு ஒன்று இருந்தது, கண்ணுகளா. அங்கே ஐந்தாண்டுக்கு ஒருமுறை மக்கள் கைதூக்கி மன்னரைத் தேர்ந்தெடுப்பார்கள். புது மன்னர் வந்தால் பழைய மன்னர் காலத்துப் புத்தகம் செல்லாது. நாற்பது நாளில் புதுப் புத்தகம் வந்தாக வேண்டும். அரண்மனையில் யாருக்கும் இயற்கணிதம் தெரியாதுதான். அதற்காக வழக்கத்தை விட்டுவிட முடியுமா? பழைய புத்தகத்தை எடுத்து, ஒவ்வொரு சொல்லுக்கும் அதே பொருளுள்ள வேறு சொல்லைப் போட்டு, அட்டையில் புது மன்னர் படத்தை ஒட்டிவிடுவார்கள். இதற்கென்றே சொல்மாற்று அலுவலகம் ஒன்று நடந்தது.

அங்கே வேலை பார்த்த மதுரவல்லிக்கு மட்டும் உண்மையாகவே கணக்குத் தெரியும். தெரிந்தால் பதவி உயர்வு கிடைக்காது என்று மறைத்து வைத்திருந்தாள். அவள் கணவன் சங்கிலியாண்டி ஓடக்காரன்.

புத்தகத்தின் பன்னிரண்டாம் பாடம் படகுக் கணக்கு. ஆட்களின் எடையும் மூட்டைகளின் எடையும் சேர்ந்தால் படகு தாங்கும் எடைக்குச் சமம் என்றது அது. இருபது ஆள், நான்கு மூட்டை. எல்லாப் படகுத்துறையிலும் இதைப் பலகையில் எழுதி வைத்திருந்தார்கள். கூட்டி ஏற்றினாலும் சிறை, குறைத்து ஏற்றினாலும் சிறை.

மன்னர்கள் வந்தார்கள், போனார்கள். 'சமம்' முதலில் 'நிகர்' ஆனது. அடுத்தவர் காலத்தில் 'ஒப்பு'. அதற்கடுத்து 'ஏறக்குறைய'. படகுகள் கொஞ்சம் தாழ்ந்தே போயின. மக்கள் கால் நனைந்து பழகிக்கொண்டார்கள்.

பிறகு மன்னர் புதுமைக்கோ வந்தார். சொல்லெல்லாம் மாற்றி முடித்த நாளில் அலுவலகத் தலைவர் வாகீசநாதர் புத்தகத்தைப் புரட்டி முகம் சுளித்தார்.

"என்னம்மா இது? பழைய புத்தகத்தில் படகுக்கு இருபது ஆள். இதிலும் இருபது! பார்த்து எழுதினோம் என்று எதிர்க்கட்சி சிரிக்காதா?"

"அது எண்ணுங்கய்யா. எண்ணுக்கு வேற சொல் ஏதுங்க?"

"அகராதியில் இல்லையென்றால் அக்கம்பக்கத்தில் பார். இருபதுக்கு நெருங்கிய சொந்தம் எது?"

"இருபத்தொண்ணுங்க."

"ஒட்டிக்கொண்டு நிற்கிறதே! கம்பீரமாக ஒன்று சொல்." அவள் வாயைத் திறப்பதற்குள் அவரே சொன்னார்: "நாற்பது."

அன்று மாலையே பலகைகள் மாறிவிட்டன. சங்கிலியாண்டி துடுப்போடு வீட்டு வாசலில் வந்து நின்றான்.

"நாப்பது பேரா? ஏ புள்ள, உங்க ஆபீசுல எல்லாரும் நல்லாத்தான இருக்கீங்க?"

"ஏத்தலைன்னா சிறைங்க."

"ஏத்தினா ஆத்துக்கு அடியில. ரெண்டுல எது உனக்குத் தோது, சொல்லு."

மறுநாள் காலை அவள் வாகீசநாதரிடம் பணிவாகச் சொன்னாள்: "ஐயா, முதல் ஓட்டத்துல நம்ம ஆபீசே ஏறினா புத்தகத்துக்கு எவ்வளவு பெருமை! சரியா நாப்பது பேர் இருக்கோம்."

அவருக்குப் பிடித்துப்போயிற்று. மேளம் வந்தது, மாலை வந்தது. மதுரவல்லியும் நாற்பதாவது ஆளாக வரிசையில் நின்றாள். இருபத்து மூன்று பேர் ஏறியதும் தண்ணீர் படகின் விளிம்பை நக்கியது. இருபத்து நான்காவதாக ஒரு காலை உள்ளே வைத்த வாகீசநாதர் அதை மெல்ல எடுத்துக்கொண்டார்.

"தலைமை என்பது கரையில் நின்று வழிகாட்டுவது" என்றார்.

உள்ளே இருந்தவர்களுக்கெல்லாம் திடீரென்று ஜலதோஷம் வந்துவிட்டது. பதவி வரிசைப்படி இறங்கத் தொடங்கினார்கள்.

"ஏறுங்க சாமி!" என்று கத்தினான் சங்கிலியாண்டி. "புத்தகத்துல இன்னும் பதினேழு பேருக்கு இடம் கிடக்கே!"

விசாரணைக் குழு மூன்று நாள் விருந்துண்டு ஆராய்ந்தது. ஆணை வந்தது: 'புத்தகத்தில் பிழையில்லை. ஆயினும் அரசுப் பணியாளரின் உயிர் நாட்டின் உடைமை. ஆகவே அரண்மனையின் மஞ்சள் கொடி பறக்கும் படகுகள் பழைய புத்தகப்படி இருபது பேரை ஏற்றும். ஏனைய படகுகள் நாற்பது.'

அதை நல்ல பிரதி எடுக்கும் வேலை மதுரவல்லிக்கு வந்தது. இரண்டு முறை படித்தாள். கொடியை யார் கட்டலாம், யார் கட்டக்கூடாது என்று அதில் ஒரு வரியும் இல்லை. எழுதி முடித்து வீட்டுக்குப் போனாள்.

"உங்க மஞ்ச வேட்டி எங்கங்க?"

"எதுக்கு?"

"கிழிக்கத்தான்."

ஒரு வாரத்தில் ஏழு ஆறுகளிலும் மஞ்சள் கொடி கட்டாத படகே இல்லை. ஒவ்வொன்றிலும் இருபதே பேர், காய்ந்த காலோடு. அரண்மனைக் கொடி கடந்துபோனால் அதிகாரிகள் எழுந்து தலைகுனிந்து வணங்க வேண்டும் என்பது அந்நாட்டுச் சட்டம். வாகீசநாதர் காலையிலிருந்து கரையில் கைகூப்பி நின்றார். மீன்கூடைகள் போயின, ஆடுகள் போயின, கல்யாண வீட்டார் போனார்கள்.

இடுப்பு வலி தாங்காமல் குனிந்தபடியே கேட்டார்: "அரண்மனையில் இத்தனை பேரா இருக்கிறீர்கள்? நான் பார்த்ததே இல்லையே?"

சங்கிலியாண்டியின் படகிலிருந்து ஒரு மீன்காரி எட்டிப் பார்த்தாள்.

"நாங்க எப்பவும் இங்கதான் சாமி இருக்கோம். நீங்கதான் வந்து வந்து போறீங்க."

அவர் நிமிர்ந்து பதில் சொல்லியிருப்பார். அதற்குள் அடுத்த படகு வந்துவிட்டது.