பின்வளவுக் கோயில்

கூச்சக்காரர்களுக்கு ஒரு பொதுவான குறை உண்டு. முதல் கேள்வியை எப்படியோ தட்டுத்தடுமாறிக் கேட்டுவிடுவோம். இரண்டாவது கேள்வி தொண்டைக்குள்ளேயே நின்றுவிடும். கடையில் "சீனி இருக்கோ?" என்று கேட்பேன். "வெள்ளையோ, சிவப்போ?" என்று அவர்கள் திருப்பிக் கேட்டால் தலையை ஆட்டுவேன். அந்த ஆட்டலுக்கு அவர்கள் என்ன பொருள் எடுக்கிறார்களோ, அந்தச் சீனியில்தான் எங்கள் வீட்டுத் தேத்தண்ணீர். இதனால் ஊருக்கு ஒரு தீங்கும் வந்ததில்லை, வீட்டுக்குப் பின்னால் எங்கள் பின்வளவில் இருந்த மலசலகூடம் கோயிலாக மாறும் வரை.

வற்றாப்பளை அம்மன் கோயிலுக்குப் போகும் பாதையில் எங்கள் வீடு. முன்னால் ஒரு கொட்டில் போட்டுச் சைக்கிள் திருத்துகிறேன். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னை விட்டுவிட்டது. (நான் விடவில்லை. சண்டைக் காலத்தில் பள்ளிக்கூடமே இடம்பெயர்ந்து போய்விட்டது.) கல்யாணம் ஆகவில்லை. அதற்கும் இரண்டாவது கேள்வி கேட்க வேண்டியிருந்தது. அம்மா காலமான பிறகு வீட்டில் நானும் அப்பாவும்தான். அக்கா கல்யாணம் முடித்து வவுனியாவில் இருக்கிறா.

அப்பாவுக்கு மறதி வந்தது மெதுவாகத்தான். முதலில் மண்வெட்டியை மறந்தார். பிறகு சாப்பிட்டதை மறந்தார். பிறகு ஒருநாள் கொட்டிலுக்கு வந்து, நான் டியூப் ஒட்டுவதைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் கேட்டார்:

"தம்பி, நீர் எந்த இடம்?"

"அப்பா, நான்தான்."

"நான் உமக்கு அப்பாவோ? கதையைப் பாரன்!"

அன்றிலிருந்து அவருக்கு நான் சைக்கிள்காரத் தம்பி. அதில் பொய் ஒன்றும் இல்லைத்தானே. நானும் அவரை ஐயா என்று கூப்பிடத் தொடங்கினேன். எங்கள் பக்கத்தில் தகப்பனை ஐயா என்று கூப்பிடுகிற வீடுகளும் இருக்கின்றன. அப்படி நினைத்து மனதைத் தேற்றிக்கொண்டேன்.

பொழுது படும் நேரம்தான் கரைச்சல். "தம்பி, இருட்டுது. நீர் வீட்டை போம். உம்மட ஆக்கள் தேடுவினம்" என்பார். நான் போகாவிட்டால் கோபம் வரும். ஆகவே நல்ல பிள்ளையாகச் சாமான்களை எடுத்து வைத்துவிட்டு, "வாறன் ஐயா" என்று சொல்லி, முன் படலையால் வெளியே போவேன். வேலியோரமாகச் சுற்றி வந்து பின்பக்கத்தால் குசினிக்குள் நுழைந்து சோறு வைப்பேன். சோற்றோடு வருகிறவன் யார் என்று அவர் கேட்டதில்லை. உலகத்தில் எத்தனையோ பேர் தினமும் வேலை முடிந்து வீட்டுக்குப் போகிறார்கள். வீட்டைச் சுற்றி வீட்டுக்குப் போனவன் நான் ஒருவனாகத்தான் இருக்கும்.

எனக்கென்று தேட ஆட்கள் இருக்கிறார்கள் என்று நம்பிய ஒரே மனிதர் அவர்தான். அது பொய் நம்பிக்கைதான். ஆனாலும் மாலையில் அதைக் கேட்க நன்றாக இருந்தது.

அப்போதுதான் அக்கா தொலைபேசியில் சொன்னா: "உன்னாலை தனிய ஏலாது. ஞாயிற்றுக்கிழமை அத்தானோட வாறன். இஞ்ச ஒரு முதியோர் இல்லம் பாத்து வைச்சிருக்கு. வீடு ஒழுங்கா இருந்தாப் பாப்பம். இல்லாட்டி அப்பாவைக் கையோட கூட்டிக்கொண்டு வந்திடுவம்."

அவ சொன்னதிலும் நியாயம் இருந்தது. போன முறை அவ வந்தபோது அப்பா மலசலகூடத்தைத் தேடித் திரிந்து, கடைசியில் அவவின் கைப்பை இருந்த கதிரையடியில் நின்றுவிட்டார். அதற்கு மேல் எழுதவில்லை. கைப்பை புதுசு.

நான் ஆஸ்பத்திரிக்கு ஓடினேன். கிளினிக்கில் இருந்த தாதி மிஸ்ஸி நல்ல பிள்ளை. பொறுமையாகச் சொன்னா: "அவருக்கு மறதி கூடக்கூட, வீடுதான் அவருக்கு வழி சொல்ல வேணும், அண்ணை. சாமான்களை இடம் மாத்தாதேங்கோ. கண்ணாடியை மூடி விடுங்கோ, வேற ஆரோ நிக்கினம் எண்டு பயப்படுவார். கக்கூசை நல்லாக் கண்ணிலை படுற நிறத்திலை அடிச்சு விடுங்கோ. தூரத்திலை நிண்டே அடையாளம் பிடிப்பார்."

"என்ன நிறம், மிஸ்ஸி?" இந்தக் கேள்வியை அப்போதே கேட்டிருந்தால் இந்தக் கட்டுரைக்கு வேலை இல்லை. தலையை ஆட்டிவிட்டு வந்தேன்.

நேராக முல்லைத்தீவில் எனக்குத் தெரிந்த முஸ்லிம் நானாவின் ஹாட்வெயார் கடைக்குப் போனேன். நானாவிடம் எனக்குக் கூச்சம் குறைவு. கேட்காமலே தருகிற மனிதர்.

"பெயின்ட்டோ? இந்தா, ரெண்டு வாளி அரைவாசி அரைவாசியாக் கிடக்கு. பொங்கலுக்கு முன்னம் உங்கட கோயில் ஒண்டுக்கு மதில் அடிச்சு மிஞ்சினது. கொண்டு போங்க தம்பி. வாப்பாவுக்கு எண்டு சொல்லுறீங்க, சும்மா கொண்டு போங்க."

ஒரு வாளி சிவப்பு. ஒரு வாளி வெள்ளை.

எந்த நிறமும் தனியாக மலசலகூடம் முழுவதையும் மூடக் காணாது. ஆகவே யோசித்தேன். (யோசித்திருக்கக் கூடாது.) ஒரு பட்டை சிவப்பு, ஒரு பட்டை வெள்ளை. சைக்கிள் ரிம்முக்குக் கோணல் எடுக்கிற கை அல்லவா, நூல் பிடித்து, ஒரு கோடு பிசகாமல் நாலு சுவருக்கும் இழுத்தேன். கதவுக்கு முழுச் சிவப்பு. தள்ளி நின்று பார்த்தேன். பக்கத்தில் செவ்வரத்தை மரம் பூத்துக் குலுங்கியது. எனக்கே கையெடுத்துக் கும்பிட வேண்டும்போல இருந்தது. ஏன் அப்படி இருந்தது என்று அப்போது விளங்கவில்லை.

அப்பாவுக்கு உடனே விளங்கிவிட்டது.

அடுத்த நாள் காலையில் அவர் தானாகவே பின்வளவுக்கு நடந்து போனார். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. மிஸ்ஸி வாழ்க என்று மனதுக்குள் சொன்னேன். அப்பா பாதி வழியில் செருப்பைக் கழற்றினார். சட்டையைக் கழற்றி இடுப்பில் சுற்றினார். கிணற்றடியில் கால் கழுவினார். மூன்று முறை சுற்றி வந்து, ஒரு செவ்வரத்தம்பூவைக் கிள்ளிக் கதவடியில் வைத்து, தலையில் குட்டிக்கொண்டார்.

"நல்ல கோயில். ஆள் நடமாட்டம்தான் காணாது" என்றார் என்னிடம்.

அன்று முழுவதும் அவர் அதன் உள்ளே போகவில்லை. கோயிலுக்குள் அதைச் செய்வாரா? கோயிலுக்குக் கிட்டவும் செய்யக் கூடாது என்பதற்காக, வளவின் அடுத்த அந்தத்துக்கு, அதாவது என் கொட்டிலுக்கு வந்து, பழைய டயர் அடுக்கை அதற்கென்று பிடித்துக்கொண்டார். நான் உள்ளே போக முயன்றபோது தடியோடு வந்தார். பின்னேரம் பார்த்தால் கதவில் என் கடைச் சங்கிலிப் பூட்டு தொங்கியது. திறப்பு அவருடைய மடியில்.

வெள்ளை பூசி அழித்துவிடலாம் என்று தூரிகையோடு போனேன். அவர் கதவுக்கு முன்னால் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றார். இந்த முறை கோபம் இல்லை. கெஞ்சினார்.

"இதையும் விட்டிட்டு ஓடச் சொல்லுறீரோ, தம்பி?"

தூரிகையைக் கொண்டுபோய்க் கழுவி வைத்தேன். அடுத்த நாள் ஞாயிற்றுக்கிழமை.

வான் வந்து நின்றது. முதலில் இறங்கியவர் அத்தான். அவர் அரசாங்கக் கந்தோர் ஒன்றில் பெரிய வேலையில் இருந்து ஓய்வு பெற்றவர். எப்போதும் நீளக் காற்சட்டை, மினுங்கும் சப்பாத்து, அளந்த பேச்சு. அன்று அந்த அளவு பிசகியிருந்தது. வழியில் நிறையத் தேத்தண்ணீர் குடித்துவிட்டாராம். என்னைப் பார்த்து, "எப்பிடிச் சுகம்?" என்று கேட்கவில்லை. "கக்கூஸ் எங்காலை?" என்று மட்டும் கேட்டார். நான் வாய் திறப்பதற்குள் பின்வளவுக்கு நடையும் ஓட்டமுமாகப் போனார்.

அங்கே அப்பா வேட்டி கட்டி, நீறு பூசி நின்றார்.

"செருப்பைக் கழட்டும்."

அத்தான் சப்பாத்தைக் கழற்றினார். சுத்தக்காரர் என்று நினைத்திருப்பார்.

"சேட்டைக் கழட்டும்."

"மாமா, அவசரம்..."

"அவசரத்துக்குக் கும்பிட்டா அம்மாள் கேக்க மாட்டா. கழட்டும்."

ஓய்வு பெற்ற அந்தப் பெரிய மனிதர், நெளிந்து நெளிந்து சேட்டைக் கழற்றியதை நான் என் கண்ணால் பார்த்தேன். சேட்டோடு போகாத அவசரம் சேட்டில்லாமல் போகும் என்று நம்பினார் பாவம். கால் கழுவச் சொன்னார் அப்பா. தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டதும் அத்தானின் முகம் மாறிவிட்டது. ஓடிப்போய்க் கதவைப் பிடித்து இழுத்தார். சங்கிலி கலகலத்தது.

"பூசை முடிஞ்சுது. பூட்டியாச்சு" என்றார் அப்பா அமைதியாக. "பின்னேரப் பூசைக்கு வாரும்."

அத்தான் ஒரு கையில் சேட்டும் ஒரு கையில் சப்பாத்துமாக வேலியைத் தாண்டிப் பக்கத்து வீட்டுக்கு ஓடினார். அந்த வீட்டுக்காரர் அதற்கு முன் அவரைக் கண்டதே இல்லை.

அக்கா தலையில் கை வைத்தா. பிறகு அந்தக் கையை என் பக்கம் நீட்டினா.

"கக்கூசைக் கோயிலாக்கி வைச்சிருக்கிறாய்! உனக்கு மூளை எண்டு ஒண்டு இருக்கோடா? இதுதானோ நீ அப்பாவைப் பாக்கிற வடிவு? நான் அவரைக் கூட்டிக்கொண்டு போறன். இண்டைக்கே. நீ ஒண்டும் கதையாதை."

நான் எப்போது கதைத்தேன்? வானுக்குள் புதுப் பை ஒன்று தெரிந்தது. அப்பாவுக்கென்று புதுச் சாரமும் துவாயும் மடித்து வைத்த பை. அதைப் பார்த்ததும், அன்று மாலை யாரும் என்னை வீட்டுக்குப் போகச் சொல்ல மாட்டார்கள் என்பதுதான் எனக்கு உறைத்தது.

"இஞ்ச, சந்நிதியிலை நிண்டு சண்டை பிடிக்காதேங்கோ" என்றார் அப்பா. அக்காவைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "தங்கச்சி, நீர் தூர இடமோ? வந்ததுக்கு ஒருக்காக் கும்பிட்டிட்டுப் போம். என்ர மகனுக்காகவும் கும்பிட்டு விடும்."

அக்காவின் கை கீழே இறங்கியது. "மகன் எங்கை ஐயா?" என்று மெல்லக் கேட்டா. 'ஐயா' என்றுதான் அவவுக்கும் வாயில் வந்தது.

"ஆர் கண்டது? எங்கையோ தனிய நிக்கிறான். கூச்சக்காரப் பொடியன். பசிச்சாலும் வாய் திறந்து கேக்க மாட்டான். அதுதான் நான் இஞ்ச வந்து அவனுக்காகக் கேக்கிறனான்." பிறகு என்னைக் காட்டினார். "இந்தச் சைக்கிள்காரத் தம்பியிட்டையும் சொல்லப் போறன். றோட்டாலை போகேக்கை கண்டா, வீட்டை வரச்சொல்லி. என்ன தம்பி, சொல்லுவீரோ?"

"ஓம் ஐயா. கண்டாச் சொல்லுறன்."

அதற்கு மேல் எனக்கு அங்கே நிற்க முடியவில்லை. கிணற்றடிக்குப் போய், கழுவின தூரிகையை இன்னொருமுறை கழுவினேன். திரும்பிப் பார்த்தால், அக்கா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துவிட்டு, அந்தச் சிவப்புக் கதவுக்கு முன்னால் கைகூப்பிக் கண்மூடி நின்றா. அந்த நேரம் பார்த்துத்தான் அத்தான் பக்கத்து வீட்டிலிருந்து ஆறுதலான முகத்தோடு திரும்பி வந்தார்.

"நீயுமோ!" என்றார்.

அன்று வான் புறப்படும்போது அந்தப் பை மட்டும் இறங்கியது. அப்பா இருந்த இடத்திலேயே இருந்தார்.

அடுத்த கிழமை அத்தான் ஒரு மேசனை அனுப்பி வைத்தார். மனிதர் பட்ட பாட்டை மறக்கவில்லை. அப்பாவின் அறையோடு ஒட்டினபடி புது மலசலகூடம் எழும்பியது. இந்த முறை நான் கிளினிக்குக்குப் போய், வியர்த்து விறுவிறுத்து, இரண்டாவது கேள்வியைக் கேட்டேன். முழுக் கதையையும் சொல்ல வேண்டி வந்தது. மிஸ்ஸி மேசையில் தலையை வைத்துச் சிரித்தா. பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நிறம் ஒரு பக்கம் இருக்கட்டும் அண்ணை. கதவைத் திறந்தே விடுங்கோ. உள்ளுக்குக் கக்கூஸ் பேசினைக் கண்டாரெண்டா அவருக்கு விளங்கும்" என்றா. இப்போது அங்கே வருகிற எல்லோருக்கும் நிறம் அடிக்கச் சொல்லிவிட்டு, "கோயில் நிறம் மட்டும் வேண்டாம்" என்று ஒரு வசனம் சேர்த்துச் சொல்லுகிறாவாம். மருத்துவத்துக்கு என் பங்கு அது.

நானா நீலப் பெயின்ட் தந்தார். "இது கடல் நிறம் தம்பி. கடலை ஆரும் கும்பிட மாட்டாங்கதானே?"

எனக்குப் பயம்தான். வற்றாப்பளை அம்மாளுக்குக் கடல் தண்ணீரில் விளக்கெரிகிற ஊர் இது. நல்லகாலம், அப்பா கும்பிடவில்லை. திறந்திருந்த நீலக் கதவைப் பார்த்தார், உள்ளே போனார், வந்தார். நான் குசினிக்குள் நின்று கைதட்டினேன், சத்தமில்லாமல்.

பழைய மலசலகூடத்தை அவருக்கே விட்டுவிட்டேன். கடைசி வரை காலையும் மாலையும் பூ வைத்தார். மகன் வந்தானா என்று என்னிடம் விசாரிப்பார். "இன்னும் காணேல்லை ஐயா" என்பேன். பொழுது படும்போது என்னை வீட்டுக்கு அனுப்புவார். நான் சுற்றி வருவேன். போன மாரியில் அவர் காலமானார்.

அத்தான் இப்போதும் தொலைபேசி எடுத்தால் சுகம் விசாரிப்பதில்லை. முதலில், "என்ன, கோயில் திறந்திருக்கோ?" என்றுதான் கேட்பார். பின்னால் அக்கா சிரிக்கிற சத்தம் கேட்கும். அவர்களுடைய பிள்ளைகள்கூட வவுனியா வீட்டில் மலசலகூடத்துக்குப் போகும்போது, "பின்னேரப் பூசைக்குப் போட்டு வாறன்" என்று சொல்லிவிட்டுத்தான் போகிறார்களாம்.

நானும் சிரிப்பேன். சங்கிலியைக் கழற்றி எவ்வளவோ நாளாகிவிட்டது.

"திறந்துதான் கிடக்கு அத்தான்" என்பேன். "சனம்தான் இல்லை."

பிறகு தொலைபேசியை வைத்துவிட்டு, சாமான்களை எடுத்து வைத்து, கொட்டிலைப் பூட்டுவேன். குசினிக்கு நேராகப் போக ஒரு வழி இருக்கிறது. கால் கேட்பதில்லை. முன் படலையால் வெளியே போய், வேலியோரமாகச் சுற்றித்தான் இன்னும் வீட்டுக்குப் போகிறேன்.