செம்பட்டித் துறைமுகம்

அன்புக்கும் கண்ணியத்துக்கும் உரிய சம்பந்தி அல் அமீன் அவர்களுக்கு, திண்டுக்கல் பூட்டுக்கடை முகமது பாரூக் எழுதிக்கொள்வது. அஸ்ஸலாமு அலைக்கும். இறைவன் கருணையால் இங்கு நானும், மனைவி நர்கீஸும், அரையாண்டு லீவுக்கு வந்திருக்கும் மகள் ஃபர்ஹீனும், பேத்தி ரஃபியாவும் நலம். அங்கே உங்கள் சுகமும், வீட்டார் சுகமும், உங்கள் கீழக்கரைக் கடலின் சுகமும் அறிய ஆவல். போனில் சொல்லலாம்தான். ஆனால் நீங்கள் பாதியிலேயே சிரித்துவிடுவீர்கள், மீதியை நான் யாரிடம் சொல்வது? அதனால் செம்பட்டி நாச்சிமுத்துவின் தோட்டத்தில் தென்னை மரத்தடியில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். இன்று மாலை ஊருக்குப் புறப்படும் மாப்பிள்ளை அஸ்பாக் கையில் கொடுத்தனுப்புவேன்.

முக்கியமான செய்தியை முதலில் சொல்லிவிடுகிறேன். படகைப் பதிவு செய்தாகிவிட்டது. ரஃபியாவைத் திரும்பக் கூட்டிப்போக நாளை நீங்கள் சிரமப்பட்டு வரவேண்டாம். அவள் லீவு முடியும்வரை எங்களோடுதான் இருப்பாள்.

போன லீவில் நடந்தது உங்களுக்குத் தெரியும். வந்த மூன்றாம் நாளே "நன்னா, இங்க கடலும் இல்ல, படகும் இல்ல, எங்க பாத்தாலும் பூட்டுதான் இருக்கு, நான் போறேன்" என்று பையைத் தூக்கிக்கொண்டு வாசலில் நின்றாள். அவள் போன அன்று நர்கீஸ் பிரியாணிக்கு உப்புப் போட மறந்தாள். நானும் உப்பில்லை என்பதைக் கவனிக்காமல் சாப்பிட்டு முடித்தேன். மூடிப்போன ஒரு பூங்காவிலிருந்து நாலு பேர் உட்காரும் துடுப்புப் படகு ஒன்றை நான் வாங்கியது அதனால்தான், நீங்கள் கல்யாண வீட்டில் சொன்னதுபோல் மூளை குழம்பி அல்ல. "நம்பர் இல்லாத படகுல என் பேத்தி கால் வைக்கக் கூடாது சம்பந்தி" என்றீர்களே, அதுதான் என்னை இந்தப் பாடு படுத்திவிட்டது.

வண்டிகளுக்கு நம்பர் கொடுக்கும் ஆபீசுக்குப் போனால் டயர் எத்தனை என்று கேட்டார்கள். மீன் சம்பந்தப்பட்ட ஆபீசில் வலை எங்கே என்றார்கள். மீன் பிடிக்க இல்லை சார், பேத்தியைப் பிடித்து வைக்கத்தான் என்றேன், வெளியே உட்காரச் சொன்னார்கள். கடைசியில் கடலோரத்து ஆபீஸ் ஒன்றுக்கு கம்ப்யூட்டரில் விண்ணப்பம் போட ஃபர்ஹீன்தான் உதவினாள். படகு நிற்கும் துறைமுகம் எது என்று அது கேட்டது. நான் எட்டாம் வகுப்போடு நின்றவன், எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன்: செம்பட்டி. மகள் என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு அதையே அடித்தாள். சோதனை செய்ய ஆபீசர் நேரில் வருவார் என்று பதில் வந்தது. ஈஸ்வரன் என்று பெயர், சொந்த ஊர் கீரனூர். இந்தப் பக்கம் வந்தால் அம்மாவையும் பார்த்த மாதிரி ஆகும் என்று சந்தோஷமாகவே ஒத்துக்கொண்டாராம்.

ஆபீசர் வருமுன் படகுக்குப் பெயர் எழுதவேண்டும் என்று லாரிக்குப் பெயிண்ட் அடிக்கும் சூசையிடம் விட்டேன். முன்னால் 'ரஃபியா' என்று பூவெல்லாம் போட்டு அழகாகத்தான் எழுதினார். பின்னால் போய்ப் பார்த்தால் பெரிய எழுத்தில் 'ஒலி எழுப்பவும்', அதற்குக் கீழே 'போதிய இடைவெளி விடவும்'. என்ன சூசை இது என்றேன். "பின்பக்கத்தை காலியா விட்டா கை நிக்க மாட்டேங்குது பாய். இம்புட்டு வருச பழக்கம்" என்றார். அழிக்க நேரமில்லை.

இன்று காலை நாச்சிமுத்துவின் குட்டையில் படகை இறக்கினோம். ஐப்பசி மழையில் குட்டை நிறைந்து கிடக்கிறது. படகு நகராமல் இருக்கக் கட்டவேண்டுமே, நம் கடையிலேயே பெரிய ஏழு லீவர் பூட்டை எடுத்து, நீளமான சங்கிலி போட்டு, தென்னை மரத்தோடு சேர்த்துப் பூட்டினேன். சாவி தொலைந்துவிடக் கூடாது என்று மாற்றுச் சாவியையும் அதே வளையத்தில் கோத்துச் சட்டைப் பையில் வைத்தேன். ஆபீசர் வந்ததும் மரியாதைக்காகக் குனிந்து வணக்கம் சொன்னேன், சம்பந்தி. இரண்டு சாவியும் வளையத்தோடு தண்ணீருக்குள் போய்விட்டன. உள்ளே ஒரே சேறும் தாமரைக்கொடியும், தேடவும் முடியாது.

"பரவாயில்லீங்க, பூட்டை உடைச்சிருங்க" என்றார் ஆபீசர். நாச்சிமுத்து கடப்பாரையோடு வந்தார். என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். உடைந்தால் படகுக்கு நம்பர், பேத்தி தங்குவாள். ஆனால் 'உடைக்க முடியாதது' என்று என் கடைப் பலகையில் எழுதியிருக்கிறதே. நாச்சிமுத்து வேறு என்னிடம் பம்புசெட்டுக்குப் பூட்டு வாங்கியவர். அவர் ஓங்கும்போதெல்லாம் உடைய வேண்டும் என்று வாய் சொன்னது, உடையக் கூடாது என்று மனம் சொன்னது. கடப்பாரை வளைந்தது. "பாய், பூட்டு நல்ல பூட்டுதான். நீங்கதான் செத்த கவனமா இருந்திருக்கணும்" என்று அதைத் தூக்கிப் போட்டார். அவமானமும் பெருமையும் ஒரே நேரத்தில் வந்தால் முகத்தை எப்படி வைத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை.

ஆபீசர் நல்ல மனிதர். "சங்கிலி போற தூரம் போதுமுங்க, மிதக்குதான்னுதான பாக்கோணும்" என்று லைஃப் ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு ஏறினார். ஒரு சுற்றுச் சுற்றினார், தட்டிப் பார்த்தார், ஓட்டை இல்லை என்றார். பின்பக்கம் எழுதியிருந்ததைப் படித்துவிட்டு, "ஏனுங்க பாய், தவளைக்குங்களா ஒலி எழுப்பச் சொல்றீங்க?" என்று கேட்டார். சூசை மரத்துக்குப் பின்னால் போய்விட்டார். பிறகு கையெழுத்துப் போட்டு, சாப்பிட்டுவிட்டுத் தருகிறேன் என்று காகிதத்தைச் சட்டைப் பையில் வைத்தார். நர்கீஸ் கொண்டுவந்த பிரியாணியில் உப்பு சரியாக இருந்தது. சாப்பிட்ட மயக்கத்தில், பூட்டிய படகுதானே, எங்கே போய்விடப் போகிறது என்று அதிலேயே படுத்துவிட்டார். இந்த நிமிடம் நிழலில் ஆடிக்கொண்டு தூங்குகிறார். பார்க்கவே நிறைவாக இருக்கிறது. எங்கள் ஊரிலும் தண்ணீர் உண்டு, படகு உண்டு, அதைக் காக்கப் பூட்டும் உண்டு என்று உங்கள் ஊர்க்காரர்களிடம் சொல்லுங்கள்.

பெரியவர்களுக்கு என் சலாம், சிறியவர்களுக்கு துஆ, கடலுக்கு என் விசாரிப்பு.

இப்படிக்கு,
படகுக்காரர் முகமது பாரூக்

பின்குறிப்பு: மேலே எழுதியதில் சலாமைத் தவிர மற்றதை நம்பவேண்டாம். ஃபர்ஹீன் கையைப் பிடித்திருக்கும்போதே, ரஃபியா இன்னொரு கையால் தலையில் இருந்த ஹேர்பின்னை எடுத்து மரத்தடிப் பூட்டைத் திறந்துவிட்டாள். இதை தயவுசெய்து யாரிடமும் சொல்லவேண்டாம், கடை நடக்கவேண்டும். படகு காற்றில் நகர்ந்து, சங்கிலியையும் இழுத்துக்கொண்டு இப்போது குட்டையின் நடுவில் நிற்கிறது. ஆபீசர் உள்ளே தூங்குகிறார், எங்கள் காகிதம் அவர் பையில், துடுப்பு இரண்டும் கரையில். கொடி காலைச் சுற்றும் என்று நாச்சிமுத்து இறங்கமாட்டேன் என்கிறார். மாப்பிள்ளையைக் கேட்டால், "கடலா இருந்தா குதிச்சிருவேன் மாமா, இது உப்பில்லாத தண்ணி" என்கிறார். சூசை எழுதியபடி எல்லோரும் கரையில் நின்று ஒலி எழுப்புகிறோம், அவர் புரண்டுகூடப் படுக்கவில்லை. சாயங்காலம் காற்று திரும்பினால் தானாகக் கரைக்கு வந்துவிடுவாராம். எதற்கும் நாளை நீங்கள் வந்துவிடுங்கள், வரும்போது சின்னதாக ஒரு படகும் கொண்டு வாருங்கள். இந்தப் பக்கத்தில் இருக்கிற ஒரே படகு அதுதான், அதை எடுக்க இன்னொன்று வேண்டியிருக்கிறது. பதிவைப் பற்றிக் கவலை வேண்டாம், ஆபீசர் இங்கேதான் இருக்கிறார்.

கீழக்கரைத் தாத்தா நாளைக்கு வர்றாங்களாம், அவங்களோட ஊருக்குப் போறியா என்று இப்போது ரஃபியாவைக் கேட்டேன். அவள் தண்ணீரிலிருந்து கண்ணை எடுக்காமல், "இன்னொரு பூட்டு இருக்கா நன்னா?" என்கிறாள்.