காளியம்மா பாஸ் பண்ணாத மண்

"இது ஆகாதுங்க ஐயா."

விஜயரட்ணம் கொண்டுவந்த மைலோ டின்னிலிருந்து ஒரு பிடி மண்ணை அள்ளி, உள்ளங்கையில் இறுக்கி, விரித்துப் பார்த்துவிட்டுக் காளியம்மா உதட்டைப் பிதுக்கினாள்.

"ஏன், இதுக்கு என்ன குறை?"

"களியாட்டம் ஒட்டுது பாருங்க. இதுல வச்சா பெகோனியா வேரு அழுகிடும்லா. கொஞ்சம் மணல் கலந்துட்டு வாங்க."

முப்பத்தைந்து வருஷம் நில அளவை இலாகாவில் இருந்து, மலாக்கா மாநிலத்தையே சங்கிலி போட்டு அளந்தவர் விஜயரட்ணம். சொந்த வீட்டு மாமரத்தடியில் பத்தடிக்கு நாலடி மண் தம் சொல் கேளாதது அவருக்குப் பெரிய அவமானம். ஆனால் வேறு வழி? மனைவி திரேசா ஆஸ்பத்திரிக்குப் போகுமுன், பெகோனியா, பெரணி, வண்ண இலைக் கெலாடி என்று தன் நிழல் செடிகள் பதினான்கு தொட்டியையும் அடுத்த தெருக் காளியம்மாவிடம் ஒப்படைத்துவிட்டுப் போனாள். அவள் திரும்பவில்லை, செடிகளும் திரும்பவில்லை. செம்பனைத் தோட்டத்து நாற்றுப் பண்ணையில் முப்பது வருஷம் உழைத்த காளியம்மா, நடப்போகிற மண் சரியானால்தான் செடியைத் தருவேன் என்று ஒற்றைக் காலில் நின்றாள்.

திரேசா கைபட்டு வளர்ந்ததில் உயிரோடு மிச்சமிருந்தது அந்தப் பதினான்குதான். பிள்ளைகள் இல்லை. வீட்டில் பேச்சுத்துணை ரேடியோ. அது அவர் சொல்வதைக் கேட்காது. செடிகள் வந்துவிட்டால் வீடு இவ்வளவு வெறிச்சென்று இருக்காது என்று நம்பினார்.

மணல்தானே? தங்கா பத்துவில் மணலுக்கா பஞ்சம்! கடற்கரைக்குப் போய் நாலு வாளி அள்ளிவந்து கொட்டினார்.

காளியம்மா ஒரு சிட்டிகையை நாக்கில் வைத்துத் துப்பினாள். "கடல் மணலா போட்டீங்க? உப்புக் கரிக்குதே ஐயா!"

உப்பை இறக்க மூன்று நாள் குழாயைத் திறந்துவிட்டார். மாமரத்தடி சேற்று வயலாகிவிட்டது. எங்கிருந்தோ வந்த பூனை அதில் இறங்கி ஏறி, அவர் காரின் தலைமேல் நிதானமாக நடந்து போயிற்று.

"ஆட்டுப் புழுக்க போடுங்க, ஈரத்த இழுத்துக்கும். மஸ்ஜித் தானாவுல ஒரு பாக் சிக் ஆடு வச்சிருக்காரு."

அந்த மலாய்ப் பெரியவர் பாக் சிக் லேசில் விடுகிற ஆளில்லை. கோப்பி கலக்கிக் கொடுத்து, தம் இரண்டு முழங்கால் ஆப்பரேஷனையும் ஆதியோடந்தமாகச் சொல்லி முடித்த பிறகுதான் சாக்குகளைக் காரில் ஏற்றினார். புழுக்கையோ பச்சை. காரெல்லாம் நாற்றம், வீடெல்லாம் ஈ. எதிர்வீட்டு மலாய்க்காரம்மா மக் சிக் மூக்கைப் பொத்திக்கொண்டு வந்து விசாரித்தாள். பதினொரு வருஷத்தில் அவள் அவரோடு பேசிய முதல் பேச்சு அது.

"ரொம்ப சூடுங்க ஐயா, வேரு வெந்துடும். செம்பனக் கொலச் சக்கைய மேல போர்த்துங்க."

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதைதான். இரண்டு கூடை சக்கை கேட்டார். செம்பனை எண்ணெய் ஆலையிலிருந்து ஒரு லாரி நிறைய வந்தது. பத்தே நாளில் அதன்மேல் வெள்ளை வெள்ளையாய்க் காளான் பூத்தது. மக் சிக் கண்ணில் பட்டுவிட்டது. மறுநாள் காலை அவர் கேட்டருகே கூடையும் கையுமாக ஆறு பேர்! சாயங்காலம், தேங்காய்ப்பால் விட்ட காளான் குழம்பு ஒரு கிண்ணம் வந்தது.

"திரேசா, உப்புக் கொஞ்சம் கூட," என்று சாப்பிடும்போது வாய்விட்டே சொல்லிவிட்டார். எதிர் நாற்காலி காலியாக இருந்தது.

மண்? "இன்னும் பழுக்கலங்க ஐயா."

ஏழாவது வாரம் பொறுமை போயிற்று. டின்னை வீட்டிலேயே விட்டுவிட்டு, வெறுங்கையோடு காளியம்மா வீட்டுக்கு நடந்தார். அவள் கோயிலுக்குப் போயிருந்தாள். மருமகள் தேவமலர் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். பக்கத்தில் கறுப்பு வலைப்பந்தலின் கீழ், பதினான்கு தொட்டியும் கொழுகொழுவென்று நின்றன.

"பிள்ளை, மண் பழுத்தாலென்ன, அழுகினாலென்ன, இண்டைக்கு என்ர செடியளை நான் கொண்டு போறன்!"

"ஐயோ, அத்த திட்டுவாங்க அங்கிள்!"

"திட்டட்டும்! முப்பது வருசம் நாற்றோடயே இருந்தவவுக்கு மண் தெரியாதோ? ஏன் பிள்ளை என்னை இப்பிடி ஊர் ஊராய் அலைய வைக்கிறா?"

தேவமலர் கையிலிருந்த சட்டையை மறுபடி வாளியிலேயே போட்டாள்.

"மண்ணு மொத நாளே நல்லாத்தான் இருந்துச்சு அங்கிள். திரேசா ஆன்ட்டிதான் ஆஸ்பத்திரியில அத்த கையப் புடிச்சுக்கிட்டு, 'செடிய ஒடனே குடுத்துடாத காளியம்மா, நட்டு முடிச்சதும் மனுசன் கதவச் சாத்திக்குவாரு'ன்னு சொல்லிட்டுப் போனாங்க."