கண்டாக்கையாவின் மீசையும் வள்ளிக்கொடியின் விதையும்

நோட்டன் பிரிட்ஜ்,
தைப்பொங்கலுக்கு மறுநாள்.

அன்புத் தம்பி சுதாகரனுக்கு,

உன் அக்கா இராசமணி எழுதுவது. முழங்கால்களைத் தவிர நான் முழுவதும் நலம். நீயும் உன் மனைவி கிருஷாந்தியும் நலமாக இருக்கவேண்டும் என்று தினமும் காலையில் மாரியம்மனையும், கொன்வென்ட் பழக்கத்தால் மாதாவையும் வேண்டிக்கொள்கிறேன்.

முதலில் ஒரு திருத்தம். நான் கண்டாக்கு சிவசாமியைக் கல்யாணம் செய்துகொள்ளப் போவதில்லை. அவருக்குத் தட்டு வைத்து நான் சம்பந்தம் கேட்டதாக உனக்கு டெலிபோன் எடுத்துச் சொன்னது யார் என்று எனக்குத் தெரியும். அடுத்த வீட்டு வீரம்மா. அவளுக்குக் கண் நன்றாகத் தெரியும். பார்த்ததை விளங்கிக்கொள்ளும் இடத்தில்தான் கோளாறு. அதைக் கேட்டுவிட்டு நீ என்னிடம் ஒரு வார்த்தை விசாரிக்காமல், "அக்காவுக்கு மூளை தளர்ந்துவிட்டது, ஞாயிற்றுக்கிழமை வான் வண்டி கொண்டுவந்து வத்தளையில் எங்கள் வீட்டுக்கு ஏற்றிப் போகிறேன், வீட்டைப் பூட்டிவிடலாம்" என்று அறிவித்திருக்கிறாய். காலஞ்சென்ற உன் அத்தான் தோட்ட ஆபிசில் கிளாக்கர் வேலை பார்த்து மிச்சம் பிடித்துக் கட்டிய வீடு இது. இதைப் பூட்டுவதற்கு முன்பு நடந்ததை முழுவதும் வாசி.

ஆடி மாதம் மாரியம்மன் கோவிலில் அன்னதானத்துக்குக் கிழங்கு சீவிக்கொண்டிருந்தோம். சிவசாமியை உனக்கு ஞாபகம் இருக்கும். தேயிலை மலையில் நாற்பது பேரை அதட்டி வேலை வாங்கிய கண்டாக்கு. பென்ஷன் எடுத்த பிறகு அதட்ட ஆளில்லாமல் ஊரையே அதட்டிக்கொண்டிருப்பவர். மனைவி தவறி ஆறு வருஷம். மீசை மட்டும் இன்னும் வேலையில் இருப்பது போல் விறைப்பாக நிற்கும். அவர் வந்து கிழங்குக் குவியலைப் பார்த்து, "மரவள்ளி, வத்தாளை, சேனை, ராசவள்ளி எல்லாம் ஒரே குடும்பந்தாங்க, மண்ணுக்குக் கீழ வெளையிறது பூரா ஒண்ணுதான்" என்று தீர்ப்புச் சொன்னார். கத்தியைக் கீழே வைத்துவிட்டேன். சிஸ்டர் ஃபிலோமினாவிடம் தாவரவியல் படித்தவள் இதைக் கேட்டுக்கொண்டு சும்மா இருந்தால் அந்தப் புண்ணியவதி கல்லறையில் புரண்டு படுப்பார். மரவள்ளி ஆமணக்குக்குச் சொந்தம், ரப்பர் மரமும் அந்த வீட்டுப் பிள்ளைதான் என்றேன். வத்தாளை, சர்க்கரைவள்ளி என்கிறார்களே அது, வேலியில் விடியற்காலையில் ஊதாவாகப் பூக்கும் கொடியின் உறவு. சேனை, சேம்பின் பங்காளி. ராசவள்ளியும் சிறுவள்ளியும், கொடியிலேயே காய் மாதிரிக் கிழங்கு தொங்கவிடும் காய்வள்ளியும்தான் உண்மையான வள்ளிக் குடும்பம். அதிலும் சிறுவள்ளி இடப்பக்கமாகச் சுற்றி ஏறும், ராசவள்ளி வலப்பக்கமாக ஏறும், தண்டு நாலு பட்டையாகச் சிறகு வைத்திருக்கும். இலையைப் பார்த்தால் வெற்றிலை மாதிரி வலை நரம்பு. விதையைப் பார்த்தால் நெல்லைப் போல ஒற்றை வித்திலை. இவ்வளவும் சொல்லி முடிக்கும்வரை ஒருவரும் கிழங்கு சீவவில்லை.

சிவசாமிக்கு மற்றது எதுவும் காதில் ஏறவில்லை. விதை என்று நான் சொன்னதை மட்டும் பிடித்துக்கொண்டார். "வெதையா? என்னங்க கிளாக்கரம்மா, கெழங்க வெட்டித்தானே நடுறோம்? எங்க தாத்தா நட்டாரு, எங்கப்பா நட்டாரு, நான் நடுறேன். எவனாச்சும் வள்ளிக்கு வெதை பாத்திருக்கீங்களாடா?" என்று கோவிலையே கேட்டார். பார்த்தவர் யாரும் இல்லை. எப்படிப் பார்ப்பார்கள்? நம் ஊரில் பெரும்பாலும் பூ வருவதற்குள் கிழங்கைத் தோண்டிவிடுவார்கள். "கிளாக்கரம்மா ஒரு வெதை காட்டட்டும், நான் இந்த மீசைய எடுத்துர்றேன்" என்றார் அவர். எல்லாரும் சிரித்தார்கள். வீரம்மாதான் அதிகம் சிரித்தாள்.

சவாலை ஏற்றுக்கொண்டு வீட்டுக்கு வந்த பிறகுதான் சிக்கல் தெரிந்தது. வள்ளிக் கொடியில் ஆண் தனி, பெண் தனி. ஒரே கொடியில் இரண்டும் இருப்பது மிக மிக அபூர்வம். என் கொய்யா மரத்தில் ஏறியிருந்த ராசவள்ளி புரட்டாசியில் பூத்தது. பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். ஒவ்வொரு பூவின் அடியிலும் முப்பட்டையாகச் சின்னக் காய் உருவம். அத்தனையும் பெண். ஆண் கொடி தேடி ஊர் முழுவதும் வேலி வேலியாக எட்டிப் பார்த்தேன். தபால்காரர் அழகன், "என்ன தொலைச்சீங்க அம்மா, நானும் சேந்து தேடுறேன்" என்று இரண்டு வேலி கூடவே வந்தார். கடைசியில் கண்டுபிடித்தேன். மெல்லிய கிளைகளில் கடுகு போல மொட்டுகள் சரம் சரமாகத் தொங்கும் அருமையான ஆண் ராசவள்ளி. யார் வீட்டில் தெரியுமா? சிவசாமி வீட்டுப் பலா மரத்தில்.

ஒரு வீட்டுக்கு ஒன்று கேட்டுப் போகும்போது வெறுங்கையோடு போகக்கூடாது என்று நம் அம்மா வளர்த்த வளர்ப்பு உனக்குத் தெரியும். அதனால் ஒரு வெள்ளிக்கிழமை காலையில் வெற்றிலை பாக்கு, வாழைப்பழம், கற்கண்டு எல்லாம் தட்டில் வைத்தேன். எந்தப் பூ வேண்டும் என்று காட்டுவதற்காக என் கொடியின் பூங்கொத்தையும் மேலே வைத்தேன். வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு படியேறினேன். அப்படிப் போகும்போது பார்ப்பவர்களுக்கு அது எப்படித் தெரியும் என்று அந்த நேரம் எனக்குத் தோன்றவில்லை. பூவிதழ்களின் எண்ணிக்கையில் மனம் இருந்தது. வீரம்மா தண்ணீர்க் குழாயடியில் குடத்தை வைத்துவிட்டு நின்றாள். சிவசாமி வாசலில் தட்டைப் பார்த்தார், பூவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிறகு உள்ளே ஓடிப்போய் சட்டை மாற்றிக்கொண்டு, தலைக்குத் தண்ணீர் தடவி வாரிக்கொண்டு வந்தார். உட்காரச் சொன்னார். வேர்த்துக்கொட்டியது அவருக்கு.

"அம்மா, ஒங்க மேல எனக்கு ரொம்ப மரியாதைங்க. ஆனா இந்த வயசுல… ஊரு என்ன பேசும்? மகன் ஜீவராஜ்கிட்டயும் ஒரு வார்த்த கேக்கணுங்களே."

"எதற்கு அவரைக் கேட்க வேண்டும்? உங்கள் பலா மரத்தில் ஏறியிருக்கும் வள்ளிக்கொடியில் நாலு பூங்கொத்துத்தான் கேட்கிறேன்" என்றேன்.

அவர் கொஞ்ச நேரம் கண்ணை மூடிக்கொண்டார். தம்பி, உயிர் பிழைத்த மனிதன் எப்படி இருப்பான் என்று அன்றுதான் பார்த்தேன். "பூவா? பூவு மட்டுந்தானா? நாலு என்னங்க, கொடிய முழுசா எடுத்துக்கங்க!" என்று தானே கொக்கித்தடி எடுத்து வந்து மடி நிறையப் பறித்துக் கொடுத்தார். எதற்கு என்று கேட்கக்கூட அவருக்குத் தோன்றவில்லை. தன் மீசைக்குத் தானே கத்தி தீட்டிக் கொடுத்துவிட்டு, கற்கண்டையும் தின்றுகொண்டு வாசல்வரை வழியனுப்பினார்.

பிறகு நடந்ததைத்தான் வீரம்மா உனக்கு 'அக்கா ஏணியில் ஏறிக் கொடிக்குத் தாலி கட்டினாள்' என்று சொல்லியிருக்கிறாள். தாலி இல்லை. கிருஷாந்தி முன்பு விட்டுப்போன நீர்வர்ணத் தூரிகையால் ஆண் பூவின் மகரந்தத்தை எடுத்து, பெண் பூவின் சூல்முடியில் தொட்டு வைத்தேன். எந்தக் கொத்தைத் தொட்டேன் என்று மறக்காமலிருக்க மஞ்சள் நூல் கட்டினேன். ஏணியை யாரும் பிடிக்கவில்லை. ஆனால் பார்க்க மட்டும் வந்தார்கள். "விழுந்துராதீங்கம்மா, அப்பறம் மாப்ள வீட்டுக்கு யாரு பதில் சொல்றது?" என்று கீழே நின்று வீரம்மா சிரித்தாள். சிரிக்கட்டும் என்று விட்டேன். மழையில் பாதிக் கொத்து உதிர்ந்தது. மிச்சத்தில் பாதியை அணில் கொண்டுபோயிற்று. மஞ்சள் நூல் கட்டிய ஒரே ஒரு கொத்தில் சில காய்கள் பிடித்தன, தம்பி! மூன்று சிறகு வைத்த காய். சிஸ்டர் கரும்பலகையில் வரைந்து காட்டிய அதே காய். மார்கழி பிறந்ததும் அவை காய்ந்து வைக்கோல் நிறமாகி வெடிக்கத் தொடங்கியபோது நான் தனியாகக் கொய்யா மரத்தடியில் நின்று கைதட்டினேன். அதையும் வீரம்மா பார்த்தாள்.

நேற்றுப் பொங்கல் பூசை முடிந்ததும் கோவில் மண்டபத்தில் எல்லார் முன்னாலும் மிச்சம் வைத்திருந்த ஒரு காயை எடுத்து வைத்தேன். சிவசாமி தூர நின்றே, "இது ஏதோ காட்டுக்காய்ங்க" என்றார். பள்ளிக்கூட விஞ்ஞான ஆசிரியர் வினோஜன் காயையும், என்னோடு கொண்டுபோன கொடித்துண்டையும் பார்த்தார், நாலு பட்டைத் தண்டைத் தடவினார், காயைப் பிளந்தார். உள்ளே தட்டையான விதை, சுற்றிலும் வெங்காயச் சருகு போல மெல்லிய சிறகு. அவர் ஊதியதும் ஒன்று பறந்துபோய் ஐயரின் தட்டில் விழுந்தது. "ராசவள்ளி விதையேதான். நான் புத்தகத்தில் மட்டும்தான் பார்த்திருக்கிறேன், டீச்சர்" என்றார். டீச்சர் என்றார், சுதாகரன்! நான் ஒரு நாளும் படிப்பித்ததில்லை.

சிவசாமியைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும்: சொன்ன சொல்லில் நிற்கிற மனிதர். "யாரு குடுத்த பூவு?" என்று கூட்டத்தில் யாரோ கேட்க, "நாந்தான் குடுத்தேன், வேற யாரு" என்று அவரே ஒப்புக்கொண்டு, நேராகக் கடைத்தெரு சலூனுக்கு நடந்தார். பின்னால் ஊர். மீசை இல்லாமல் அவர் வெளியே வந்ததும் அவருடைய பேத்தி அவரை வேறு யாரோ என்று நினைத்துப் பயந்து ஜீவராஜின் காலைக் கட்டிக்கொண்டு அழுதது. வீரம்மா மட்டும் சிரிக்கவில்லை. என்னிடம் வந்து, "எனக்கும் ஒரு வெதை குடுங்கம்மா" என்றாள்.

ஆகவே யோசித்துப் பார். மூளை தளர்ந்த கிழவி ஒருத்தியால், தோட்டமே நடுங்கிய கண்டாக்கின் மீசையை, கையால் தொடாமல் எடுக்க முடியுமா? என் வீடு, என் கொய்யா மரம், என் கொடி, இவற்றை விட்டு நான் ஓரடி நகரமாட்டேன். உன் வானை நீ வேறு உபயோகத்துக்கு வைத்துக்கொள்ளலாம்.

கிருஷாந்தியின் முதுகுவலிக்கு ஓமத்தண்ணீர் குடிக்கச் சொல். நீ உப்பைக் குறை. உங்கள் இருவருக்கும் குறைவில்லாத ஆயுளும், பிறர் சொல்வதைக் கேட்கும்போது கொஞ்சம் நிதானமும் கிடைக்க ஆசீர்வதிக்கும்,

உன் அக்கா,
இராசமணி

பி.கு.: இதை மடிக்குமுன் சட்டிகளைப் போய்ப் பார்த்தேன். முதலில் வெடித்த காய்களின் விதைகளை அப்போதே ஊன்றியிருந்தேன், ஏழு முளைத்தன. இந்த மலைக் குளிரில் இரண்டு கருகிவிட்டன. மற்ற ஐந்துக்கும் உன் வத்தளை மாதிரி வெப்பமான ஊர் வேண்டும். எனவே ஞாயிற்றுக்கிழமை வானைத் தவறாமல் கொண்டு வா; பெரிய வானாக இருக்கட்டும், சட்டிகளோடு மூங்கில் கம்புகளும் வரும். நாற்றுகளில் எது ஆண், எது பெண் என்பது பூத்த பிறகுதான் தெரியும். அதற்கு இரண்டு மூன்று வருஷம் ஆகலாம். அதுவரை நான் உங்களோடு இருப்பேன். கிருஷாந்தி பல்கனியில் துணி காயப்போடும் கயிற்றைக் கழற்றி வைக்கட்டும். அங்கே வெயில் காலையில் விழுகிறதா, மாலையில் விழுகிறதா என்று தயவுசெய்து எழுத்தில் பதில் அனுப்பு.